ஒரே பேச்சு, வேறு வேறு நினைவு

அனைவருக்கும் வணக்கம்.

செர்பியர்களுக்கும் போஸ்னியர்களுக்கும் உள்ள ஒற்றுமை, வேற்றுமைகளைப் பற்றிப் பேசச் சொல்லி அழைத்திருக்கிறீர்கள். இருவரும் ஒரு காலத்தில் யுகோஸ்லாவியா என்ற ஒரே நாட்டில் வாழ்ந்தவர்கள். நம்மில் மூத்தவர்களுக்கு யுகோஸ்லாவியா என்றால் நேருவோடு நின்ற அந்நாட்டுத் தலைவர் டிட்டோவின் முகம் நினைவுக்கு வரும். அடுத்த தலைமுறைக்கு 1990-களின் போர்ச் செய்திகள் நினைவுக்கு வரும். இரண்டுக்கும் நடுவில் அந்த மக்கள் யார் என்பது நமக்குச் சரியாகத் தெரியாமலே போய்விட்டது.

முதலில் தலைப்பில் உள்ள ஒரு சிக்கலை அவிழ்த்துவிடுகிறேன். செர்பியர் என்பது ஓர் இனத்தாரின் பெயர். போஸ்னியர் என்பது ஒரு நாட்டுக்காரரின் பெயர். ஒருவரே இரண்டாகவும் இருக்கலாம். லட்சக்கணக்கானவர்கள் அப்படித்தான் இருக்கிறார்கள். போஸ்னியா-ஹெர்சகோவினாவில் 2013-இல் எடுத்த கணக்கெடுப்பில் மக்கள்தொகை சுமார் 35 லட்சம். அதில் பாதிப் பேர் போஸ்னியாக்குகள், அதாவது இஸ்லாமிய மரபில் வந்தவர்கள். ஏறக்குறைய 31 சதவீதம் பேர் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவ மரபில் வந்த செர்பியர்கள். 15 சதவீதம் பேர் கத்தோலிக்கர்களான குரோஷியர்கள். இவர்கள் எல்லோருமே போஸ்னியர்கள்தான். அதேபோல ட்ரீனா ஆற்றைத் தாண்டி செர்பியாவுக்குள் போனால், தென்மேற்கே நோவி பசார் நகரைச் சுற்றிப் போஸ்னியாக்குகள் தலைமுறை தலைமுறையாக வாழ்கிறார்கள். 2022 கணக்குப்படி செர்பியாவில் அவர்கள் ஒன்றரை லட்சத்துக்குச் சற்று அதிகம். ஆகவே நாம் உண்மையில் ஒப்பிட வேண்டியது செர்பியரையும் போஸ்னியாக்கையும். பல ஊர்களில் இவர்கள் பக்கத்துப் பக்கத்து வீட்டுக்காரர்கள்.

இவர்கள் பேசுவதைக் கேட்டு யார் எவர் என்று கண்டுபிடிக்க முடியுமா? பெரும்பாலும் முடியாது. செர்பியத் தலைநகர் பெல்கிரேடில் ஆற்றை ‘ரேகா’ என்பார்கள், போஸ்னியத் தலைநகர் சரயேவோவில் ‘ரியேகா’ என்பார்கள். ஆனால் சரயேவோவில் பிறந்த செர்பியரும் ‘ரியேகா’ என்றுதான் சொல்வார். ஆக இந்த வித்தியாசம் வட்டாரத்தைக் காட்டுமே தவிர மதத்தைக் காட்டாது. காப்பிக்குச் செர்பியர் ‘காஃபா’ என்றால் போஸ்னியாக் ‘காஹ்வா’ என்பார். துருக்கியிலிருந்தும் அரபியிலிருந்தும் வந்த சொற்கள் போஸ்னியாக் பேச்சில் கொஞ்சம் கூடுதல். செர்பியர் பேச்சிலும் அவை ஏராளம். எழுத்தில் மட்டும் கண்ணுக்குத் தெரியும் ஒரு வேறுபாடு உண்டு. செர்பியர்கள் ரஷ்ய எழுத்தைப் போன்ற சிரிலிக், ஆங்கில எழுத்தைப் போன்ற லத்தீன் இரண்டையும் பயன்படுத்துகிறார்கள். போஸ்னியாக்குகள் லத்தீனோடு நின்றுவிடுகிறார்கள். போஸ்னியாவில் விற்கும் சிகரெட் பெட்டியில் எச்சரிக்கை வாசகம் மூன்று முறை அச்சாகியிருக்கும்: போஸ்னிய மொழியில் ஒன்று, குரோஷிய மொழியில் ஒன்று, செர்பிய மொழியில் ஒன்று. முதல் இரண்டும் எழுத்துக்கு எழுத்து ஒன்றே. மூன்றாவது அதே வாசகம், சிரிலிக்கில்.

ஹேக் நகரில் யுகோஸ்லாவியப் போர்க்குற்றங்களை விசாரித்த சர்வதேச நீதிமன்றம், மூன்று தரப்பாருக்கும் சேர்த்து ஒரே மொழிபெயர்ப்புத்தான் ஏற்பாடு செய்தது. மூன்று மொழிப் பெயர்களின் ஆங்கில முதல் எழுத்துகளையும் சேர்த்து ‘பி.சி.எஸ்.’ என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். 2017 மார்ச்சில், நான்கு நாடுகளைச் சேர்ந்த மொழியியலாளர்களும் எழுத்தாளர்களும் ‘நம்முடையது ஒரு பொது மொழி’ என்று சரயேவோவில் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அவர்கள் சொல்வதுதான் சரி என்பது என் கருத்து. அதே சமயம், ஒரு மக்கள்கூட்டம் தன் மொழியைத் தன் பெயரால் அழைக்க விரும்பினால், அதற்கு அடுத்தவர் அனுமதி தேவையில்லை என்றும் நினைக்கிறேன். அந்த அறிக்கையிலும் இதைத்தான் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள்.

சரி, இவ்வளவு ஒன்றாக இருப்பவர்கள் எப்படி இரண்டானார்கள்?

ஒட்டோமான் துருக்கியர் 1459-இல் செர்பிய அரசையும் 1463-இல் போஸ்னிய அரசையும் வீழ்த்தினார்கள். செர்பிய நிலத்தில் ஆர்த்தடாக்ஸ் திருச்சபை வலுவாக வேரூன்றியிருந்தது. போஸ்னிய மலைகளில் அப்படி இல்லை. அங்கே கத்தோலிக்கம், ஆர்த்தடாக்ஸ், ‘போஸ்னியத் திருச்சபை’ என்ற உள்ளூர் அமைப்பு என மூன்று இருந்தன. எந்த ஒன்றும் ஊருக்கு ஊர் பாதிரியார் வைத்திருக்கும் அளவுக்கு ஊன்றி நிற்கவில்லை. எனவே அடுத்த நூறு, நூற்றைம்பது ஆண்டுகளில் அங்கே நிறையப் பேர் மெல்ல மெல்ல இஸ்லாத்துக்கு மாறினார்கள். வரி, நிலம், பதவி, நகர வாழ்க்கை, நம்பிக்கை எல்லாம் அதில் கலந்திருந்தன. மாறியவர்கள் துருக்கியிலிருந்து வந்தவர்கள் அல்லர். அதே ஸ்லாவிய உழவர்கள்தான். மாறாமல் இருந்தவர்களின் உடன்பிறந்தவர்கள்தான்.

இதற்கு ஒரு குடும்பத்தின் கதையையே சாட்சியாக வைக்கலாம். கிழக்குப் போஸ்னியாவின் விஷெகிராத் நகருக்குப் பக்கத்தில் ஒரு செர்பியக் குடும்பத்தில் பிறந்த சிறுவனை, அக்கால வழக்கப்படி ஒட்டோமான் அரசு பிடித்துக்கொண்டு போனது. அவன்தான் பின்னாளில் மெஹ்மத் பாஷா சொகொலோவிச். 1565 முதல் 1579 வரை, மூன்று சுல்தான்களின் கீழ் தலைமை அமைச்சராக இருந்தவர். பிறந்த மண்ணை அவர் மறக்கவில்லை. தலைமைக் கட்டடக் கலைஞர் சினானைக் கொண்டு விஷெகிராதில் ட்ரீனாவின் குறுக்கே ஒரு கல்பாலம் கட்டினார். அது இன்றும் நிற்கிறது. 2007-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. இன்னொன்றும் நடந்தது. 1557-இல், மெஹ்மத் பாஷா அமைச்சராக இருந்தபோது, பெச் நகரில் செர்பியத் தலைமைத் திருச்சபை மீண்டும் நிறுவப்பட்டது. அதன் முதல் தலைவர் மகாரியே சொகொலோவிச், அவருடைய நெருங்கிய உறவினர். இஸ்தான்புல்லில் இஸ்லாமியப் பேரரசின் அமைச்சர், பெச்சில் ஆர்த்தடாக்ஸ் திருச்சபையின் தலைவர், இருவரும் ஒரே வீட்டுப் பெயர்க்காரர்கள்.

இதே காலத்தைத்தான் இரு தரப்பும் இருவிதமாக நினைவில் வைத்திருக்கின்றன. செர்பியருக்கு 1389-இன் கொசோவோ போர் ஒரு பெரிய இழப்பு. அதற்குப் பிறகு வந்த ஒட்டோமான் ஆட்சி முழுக்க அடிமைக்காலம். அதை உடைத்தது 1804-இன் எழுச்சி. போஸ்னியாக்குக்கோ அதே ஆட்சிதான் சரயேவோவை உருவாக்கிய காலம்: மசூதிகள், நூலகம், கடைவீதி, பாலங்கள். 1878-இல் ஆஸ்திரியா-ஹங்கேரி போஸ்னியாவுக்குள் நுழைந்தபோது, அவர்களில் பலர் வீட்டை விட்டுத் துருக்கிக்குக் கிளம்பினார்கள். போகாதீர்கள், இங்கேயே இருங்கள் என்று அவர்களைக் கெஞ்சிக் கவிதை எழுதியவர் மோஸ்தரின் செர்பியக் கவிஞர் அலெக்சா சாந்திச். இதை நான் நெகிழ்ச்சியோடுதான் சொல்கிறேன். நினைவுகள் வேறாக இருந்தும், அடுத்த வீட்டுக்காரர் போய்விடக் கூடாதே என்ற தவிப்பு அந்த மண்ணில் இருந்திருக்கிறது.

1914-இல் சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசரைச் சுட்ட கவ்ரிலோ பிரின்சிப் ஒரு போஸ்னியச் செர்பியர். அன்று வழியில் ஆயுதத்தோடு நின்றவர்களில் முஹமத் மெஹ்மத்பாஷிச் என்ற முஸ்லிமும் ஒருவர். இன்று பிரின்சிப்புக்குக் கிழக்குச் சரயேவோவிலும் பெல்கிரேடிலும் சிலை இருக்கிறது. போஸ்னியாக்குகளில் பலர் அவரைப் பயங்கரவாதி என்கிறார்கள். இரண்டாம் உலகப் போரும் இப்படித்தான். நாஜிகளின் கூட்டாளியான குரோஷிய உஸ்தாஷா ஆட்சி செர்பியர்களைக் கொன்று குவித்தது. அதில் சில முஸ்லிம்களும் சேர்ந்திருந்தார்கள். செர்பியத் தேசியவாதிகளான செத்னிக் படைகள் ட்ரீனா கரை ஊர்களில் முஸ்லிம்களைக் கொன்றன. 1941-இல் சரயேவோ, மோஸ்தர், பான்யா லூகா நகரங்களின் முஸ்லிம் பிரமுகர்கள், செர்பியர் மீதான கொடுமையைக் கண்டித்துப் பகிரங்கமாகக் கையெழுத்திட்டார்கள். இந்தக் கடைசிச் செய்தி இரு தரப்புப் பேச்சிலும் அதிகம் அடிபடுவதில்லை. அடிபட வேண்டும்.

வீட்டு வாழ்க்கைக்கு வருகிறேன். செர்பியக் குடும்பம் ஒவ்வொன்றுக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு. அவருடைய நாளை ‘ஸ்லாவா’ என்று கொண்டாடுவார்கள். மெழுகுவர்த்தி, வேகவைத்த கோதுமை, தனியாகச் சுட்ட ரொட்டி எல்லாம் இருக்கும். அந்தப் புனிதர் தகப்பனிடமிருந்து மகனுக்கு வருவார். கிறிஸ்துமஸ் ஜனவரி 7. போஸ்னியாக் வீட்டில் இரண்டு பைராம்கள், அதாவது நோன்புப் பெருநாளும் தியாகத் திருநாளும். பன்றி இறைச்சி ஒரு வீட்டில் உண்டு, ஒரு வீட்டில் இல்லை. ஆனால் நீண்ட கைப்பிடி வைத்த சின்னப் பாத்திரத்தில் கொதிக்கும் காப்பி இரண்டு வீட்டிலும் ஒன்றுதான். கரியில் வாட்டிய செவாப்பி என்ற இறைச்சி உணவும் ஒன்றுதான். குடும்பப் பெயர்கள் இரண்டு பக்கமும் ‘இச்’ என்றே முடியும். பெயரின் முன்பாதிதான் காட்டிக்கொடுக்கும்: யோவான் என்றால் செர்பியர், எமிர் என்றால் போஸ்னியாக். அதுவும் எப்போதும் கைகொடுக்காது. ஹஜிச் என்ற குடும்பப் பெயர் இரு தரப்பிலும் உண்டு. மெக்கா போய் வந்தவரும் ஹாஜி, ஜெருசலேம் போய் வந்த கிறிஸ்தவரும் அங்கே ஹாஜிதான்.

இப்போது 1992 முதல் 1995 வரை போஸ்னியாவில் நடந்த போருக்கு வருவோம். ‘அவர்கள் நூற்றாண்டுக் கணக்கில் பகைவர்கள், எப்படியும் வெட்டிக்கொண்டு செத்திருப்பார்கள்’ என்று மேற்கத்தியத் தலைவர்கள் பலர் அன்று பேசினார்கள். நம் ஊரிலும் அதையே திருப்பிச் சொல்பவர்கள் உண்டு. இதை நான் ஏற்கவில்லை. 1991 கணக்கெடுப்பில், போஸ்னியாவில் மட்டும் சுமார் 2 லட்சத்து 40 ஆயிரம் பேர் செர்பியர், முஸ்லிம், குரோஷியர் என்று எதையும் எழுதாமல் ‘யுகோஸ்லாவியர்’ என்றே எழுதினார்கள். நகரங்களில் கலப்புத் திருமணம் சாதாரணமாக இருந்தது. இப்படிக் கலந்து கிடந்த ஊர்களைப் பிரித்து, ஒரே இனத்துக்கான நிலமாக ஆக்க வேண்டும் என்று செர்பியத் தேசியவாதத் தலைமை திட்டமிட்டது. அந்தத் திட்டம்தான் போரைக் கொண்டுவந்தது.

1992 மே மாதக் கடைசியில் பிரியெதோர் நகரில் என்ன செய்தார்கள்? செர்பியர் அல்லாதவர்கள் வீட்டு வாசலில் வெள்ளைத் துணி தொங்கவிட வேண்டும், வெளியே வந்தால் கையில் வெள்ளைப் பட்டை கட்ட வேண்டும் என்று உத்தரவு போட்டார்கள். ஏன் பட்டை தேவைப்பட்டது என்று யோசித்துப் பாருங்கள். முகத்தை வைத்தோ பேச்சை வைத்தோ நடையுடையை வைத்தோ பிரித்தறிய முடியவில்லை. அதனால்தான் துணி தேவைப்பட்டது. அந்தப் பட்டை கட்டியவர்களில் பலர் ஒமார்ஸ்கா போன்ற முகாம்களுக்குப் போனார்கள், பலர் திரும்பவில்லை.

போர் முடிவதற்குள் சுமார் ஒரு லட்சம் பேர் இறந்தார்கள். செர்பியப் பொதுமக்களும் கொல்லப்பட்டார்கள். போஸ்னியாக், குரோஷியத் தரப்பினர் நடத்திய செலெபிச்சி முகாமில் செர்பியக் கைதிகளைக் கொடுமைப்படுத்தியவர்களையும் ஹேக் நீதிமன்றம் தண்டித்தது. அதைச் சொல்லாமல் விடுவது நியாயமாகாது. சரயேவோ ஏறக்குறைய நான்கு ஆண்டுகள் முற்றுகையில் கிடந்தபோது, அந்நகரைக் காத்த படையின் தளபதிகளில் ஒருவர் யோவான் திவ்யாக் என்ற செர்பியர். இதுவும் உண்மை. ஆனால் எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைத்து ‘எல்லோரும்தான் செய்தார்கள்’ என்று முடித்துவிட முடியாது. 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனிட்சாவில் எட்டாயிரத்துக்கும் மேற்பட்ட போஸ்னியாக் ஆண்களையும் சிறுவர்களையும் போஸ்னியச் செர்பியப் படை சில நாட்களில் கொன்றது. அது இனப்படுகொலை என்று ஹேக் நீதிமன்றம் 2004-இல் உறுதி செய்தது. நாடுகளுக்கிடையிலான வழக்குகளை விசாரிக்கும் ஐ.நா.வின் சர்வதேச நீதிமன்றமும் 2007-இல் அதையே சொன்னது. போஸ்னியச் செர்பியரின் அரசியல் தலைவர் கராஜிச்சும் படைத் தளபதி மிலாதிச்சும் ஆயுள் தண்டனை பெற்றார்கள். அப்படியும் 2024 மே மாதம் ஐ.நா. பொதுச்சபையில் ஜூலை 11-ஐ நினைவுநாளாக அறிவிக்கும் தீர்மானம் வந்தபோது, செர்பியா அதை முழு மூச்சோடு எதிர்த்தது. ஆதரவு 84, எதிர்ப்பு 19, நடுநிலை 68. இன்று இந்த இரு மக்களுக்கும் நடுவில் இருக்கும் மிகப் பெரிய வேற்றுமை எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன். மதம், எழுத்து, உணவு எல்லாம் இதற்குப் பின்னால்தான். ஒரு வீட்டில் இழவு விழுந்திருக்கிறது. அடுத்த வீட்டில் பலர் அப்படி எதுவும் நடக்கவில்லை என்கிறார்கள்.

1995-இன் டேட்டன் உடன்படிக்கை போரை நிறுத்தியது. அந்த நன்றியை மறுக்க முடியாது. அது நாட்டை இரண்டு பகுதிகளாகப் பிரித்தது: 51 சதவீதம் போஸ்னியாக்-குரோஷியக் கூட்டாட்சி, 49 சதவீதம் செர்பியக் குடியரசு (இது செர்பியா நாடு அல்ல, போஸ்னியாவுக்குள்ளேயே ஒரு பகுதி). அப்புறம் ஒன்றாக வாழச் சில வழிகளையும் கண்டுபிடித்தார்கள். 1998-இல் புதிய வாகன எண் பலகை வந்தது. சிரிலிக்கிலும் லத்தீனிலும் ஒரே மாதிரி இருக்கும் எழுத்துகளை மட்டும் அதில் போட்டார்கள். கார் எந்தப் பகுதியிலிருந்து வருகிறது என்று தெரியாததால், மக்கள் பயமில்லாமல் எல்லை கடந்து பயணம் செய்யத் தொடங்கினார்கள். தேசிய கீதத்துக்கு இசை உண்டு, வரிகள் இல்லை. எந்த வரியிலும் உடன்பாடு வரவில்லை.

ஆனால் அதே உடன்படிக்கை வேற்றுமையைச் சட்டமாகவும் எழுதிவிட்டது. ஜனாதிபதி பதவியில் மூவர்: ஒரு போஸ்னியாக், ஒரு குரோஷியர், ஒரு செர்பியர். செர்பிய உறுப்பினரைச் செர்பியக் குடியரசிலிருந்து மட்டுமே தேர்ந்தெடுக்கலாம். மற்ற இருவரையும் கூட்டாட்சிப் பகுதியிலிருந்து மட்டுமே. சரயேவோவில் வாழும் செர்பியர் போட்டியிட முடியாது. யூதரும் ரோமா சிறுபான்மையினரும் எங்கிருந்தும் போட்டியிட முடியாது. இது பாகுபாடு என்று ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 2009-இல் தீர்ப்பளித்தது. 2016-இல் இன்னொரு வழக்கில் அதே நீதிமன்றம் அதே போன்ற தீர்ப்பைத் தந்தது. வழக்குப் போட்டவர் ஒரு போஸ்னியாக் மருத்துவர். செர்பியக் குடியரசுக்குள் வாழ்வதால் ஜனாதிபதி தேர்தலில் நிற்க உரிமை மறுக்கப்பட்டவர். அவர் ஊர் ஸ்ரெப்ரெனிட்சா. தீர்ப்புகள் வந்தும் அரசியலமைப்பு இன்னும் திருத்தப்படவில்லை.