அடர்பழுப்பு: பழுத்து வரும் நிறம்

[காட்சி: வெண்திரையின் நடுவே ஓர் அடர்பழுப்புச் சதுரம்.]

வணக்கம். உங்கள் திரையில் இருக்கும் சதுரத்தைச் சற்று நேரம் பாருங்கள். இதைப் பழம்புளியின் நிறம் என்று சொல்லலாம். வறுத்த காப்பிக்கொட்டையின் நிறம் என்றும் சொல்லலாம். இப்போது இதைச் சுற்றியுள்ள வெண்மையை மட்டும் மெல்லக் குறைத்து இருளாக்குகிறோம். சதுரத்தில் எந்த மாற்றமும் செய்யவில்லை.

[காட்சி: பின்னணி முழுவதும் கறுக்கிறது. சதுரம் அப்படியே இருக்கிறது.]

அறை விளக்கை அணைத்துவிட்டுப் பார்ப்பவர்களுக்கு, அதே சதுரம் இப்போது மங்கிய ஆரஞ்சாகத் தோன்றும். வானவில்லில் பழுப்பு இல்லை. ஆரஞ்சு நிற ஒளி, தன்னைச் சூழ்ந்திருப்பவற்றைவிட மிகக் குறைந்த ஒளிர்வோடு கண்ணை வந்தடையும்போதுதான் நம் பார்வை அதைப் பழுப்பு என்று உணர்கிறது. தன்னைவிடப் பிரகாசமான ஒன்று பக்கத்தில் இருந்தால்தான் இந்த நிறம் பிறக்கும். அடக்கம் என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான உதாரணத்தை நான் இயற்பியலில் கண்டதில்லை.

அடர்பழுப்பு நிதானத்தையும் ஆரவாரமற்ற அறிவையும் குறிக்கும் என்று நிறங்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் ஒரு வரியில் சொல்லிவிட்டு அடுத்த நிறத்துக்குப் போய்விடுவது வழக்கம். அந்தப் பொருள் எங்கிருந்து வந்தது என்பதைத்தான் இந்த வீடியோவில் பார்க்கப் போகிறோம். யாரோ ஓர் அட்டவணை போட்டு இந்த நிறத்துக்கு இந்தக் குணம் என்று ஒதுக்கியதால் வந்ததல்ல அது. அடர்பழுப்பு உலகில் எப்படி உண்டாகிறது என்பதைப் பார்த்துப் பார்த்தே மனிதர்கள் அந்தப் பொருளை அடைந்திருக்கிறார்கள் என்பது என் எண்ணம்.

தமிழில் அந்தச் சொல்லே நமக்கு வழிகாட்டுகிறது. பழு என்னும் வினையிலிருந்து வந்தது பழுப்பு. கனி பழுப்பதும், இலை பழுப்பதும், தாள் பழுப்பதும் ஒரே சொல்தான். இலை மஞ்சளாகத் தொடங்கிச் சருகின் நிறத்தை அடையும் வரையிலான மாற்றம் முழுவதையும் அந்த ஒரு சொல் தாங்குகிறது. ஒருவரைப் பழுத்த அனுபவசாலி என்று நாம் போற்றும்போதும் அந்த வினையே வந்து நிற்கிறது. நிறத்துக்கும் முதிர்ச்சிக்கும் உள்ள உறவை யாரும் தனியாகக் கற்பிக்கத் தேவையில்லாதபடி மொழி அதைத் தன் வேரிலேயே வைத்திருக்கிறது.

[காட்சி: மரநிழலில் சருகுகளை விலக்கும் கை. அடியில் ஈரமான, கருமை படர்ந்த மண்.]

சருகு விழுந்த இடத்தில் அடுத்த வேலை தொடங்குகிறது. பூஞ்சைகளும் பாக்டீரியாக்களும் மண்புழுக்களும் அதைச் சிறிது சிறிதாகச் சிதைக்கின்றன. எளிதில் கரையக்கூடியவை முதலில் போய்விடுகின்றன. இலகுவில் சிதையாத பொருள்கள் உருமாறி, மண் துகள்களோடு பிணைந்து, அடர்ந்த நிறமுள்ள மட்காகத் தங்குகின்றன. அந்த மட்கு நீரைப் பிடித்து வைக்கிறது, ஊட்டச்சத்துகளை வேருக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தருகிறது, மண் கட்டிகளை உதிர்ந்துவிடாமல் காக்கிறது. அமெரிக்க ஓவிய ஆசிரியர் ஆல்பர்ட் மன்செல் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வகுத்த நிற அளவு முறையை இன்றும் மண்ணியலாளர்கள் வயலுக்கு எடுத்துச் செல்கிறார்கள். ஈர மண்ணை அந்த வண்ணப் பட்டையோடு ஒப்பிட்டு, அதன் நிறத்தை எண்களால் குறித்துக்கொள்கிறார்கள். இங்கே ஓர் எச்சரிக்கையும் வேண்டும். நிறம் கறுத்த மண்ணெல்லாம் மட்கு நிறைந்தது என்று எண்ணிவிடக் கூடாது. நம் கரிசல் நிலம், மட்கு குறைவாக இருந்தாலும் அதன் களிமண் தன்மையால் கருமையாகவே இருக்கும். ஆனால் ஒரே தோட்டத்தில், ஆண்டுதோறும் தொழுவுரமும் இலைதழையும் இட்டு வந்த பாத்தியின் மண்ணை இடாத பாத்தியின் மண்ணோடு கையில் எடுத்து ஒப்பிட்டவர்கள், இந்த நிறத்தின் மதிப்பை அறிவார்கள்.

மண்ணில் நடப்பதற்கு நிகரான ஒன்று மரத்தின் உள்ளேயும் நடக்கிறது. என் பார்வையில் இந்தப் பொருளின் இதயம் அதுதான்.

[காட்சி: குறுக்காக அறுத்த அடிமரம். வெளியே வெளிறிய வளையம், நடுவே அடர்ந்த நிறம்.]

மரத்தின் வெளிப்பகுதி நீரை மேலே ஏற்றும் பகுதி. அதன் நிறம் வெளிறியிருக்கும். ஆண்டுகள் செல்லச் செல்ல உட்பகுதியின் உயிரணுக்கள் மடிந்து, அந்தப் பகுதி நீரேற்றும் வேலையை விட்டுவிடுகிறது. மடிவதற்கு முன்பு அவை உண்டாக்கிய பிசின் போன்ற பொருள்கள் அங்கேயே படிகின்றன. பல மரங்களில் அதனால்தான் நடுப்பகுதி அடர்ந்த நிறம் பெறுகிறது, பூச்சியையும் பூஞ்சையையும் எதிர்த்து நிற்கிறது. இதைத் தமிழில் வயிரம் என்கிறோம், சேகு என்றும் சொல்வதுண்டு. இளமைத் துடிப்பெல்லாம் வெளி வளையத்தில் இருக்க, எந்த ஓட்டமும் இல்லாத இந்த உள்கட்டை மரம் நிமிர்ந்து நிற்கத் துணை செய்கிறது. உழைத்து உரமேறிய முதியவரைப் பார்த்து, 'வைரம் பாய்ந்த கட்டை' என்று ஊரில் சொல்வது வெறும் புகழ்ச்சி அல்ல. மரத்தை அறுத்துப் பார்த்தவர்களின் பேச்சு அது. இதற்கு எதிர்ச்சொல்லான வெளிறு, வெண்மையையும் வயிரமில்லாத மரத்தையும் அறியாமையையும் ஒருசேரக் குறிக்கிறது. வெளுத்த மரமும் முதிராத அறிவும் நம் முன்னோர்க்கு ஒரே சொல்லுக்குள் அடங்கியிருக்கின்றன என்பதை முதன்முதலில் அறிந்தபோது, நான் அகராதியை மூடாமல் நெடுநேரம் அந்தப் பக்கத்திலேயே இருந்தேன்.

பலாமரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அறுத்த உடன் அதன் வயிரம் நல்ல மஞ்சளாக இருக்கும்; காற்றும் ஒளியும் படப்பட, மஞ்சள் ஆழ்ந்து பழுப்பாகிவிடும். தஞ்சாவூர் வீணையின் குடமும் தண்டியும் இந்தப் பலாவில்தான் செய்யப்படுகின்றன. ஒரே மரத்துண்டில் குடைந்து எடுத்தால் அதற்கு ஏகாண்ட வீணை என்று பெயர். 2013இல் புவிசார் குறியீடு பெற்ற கருவி இது. வீட்டில் பழைய வீணை இருப்பவர்கள் அதன் நிறத்தைக் கவனித்திருப்பார்கள். புதிய பலாவின் மஞ்சள் அதில் இருக்காது.

மேற்குலகில் ஒரு கிளைக்கதை உண்டு. 16ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் இத்தாலியில் உருவான கப்புச்சின் துறவியர், எளிமையின் அடையாளமாகப் பழுப்பு அங்கி அணிந்தார்கள். பால் கலந்த காப்பியின் நிறம் அந்த அங்கியை நினைவூட்டியதால்தான் கப்புச்சினோ என்ற பெயர் வந்தது. நாம் காப்பியைக் கொண்டு நிறத்துக்குப் பெயரிடுகிறோம். அவர்கள் ஒரு துறவியின் ஆடையைக் கொண்டு காப்பிக்கே பெயரிட்டார்கள்.

[காட்சி: பெரிய பானையில் கொதிக்கும் பலாமரச் சிராய்கள்.]

ஆனால் நிறமும் அமைதியான அறிவும் மிக நெருங்கி நிற்கும் இடம் பௌத்தத் துறவியர் அணியும் ஆடையான சீவரம் என்பேன். துறவியருக்கான ஒழுக்க விதிகளைச் சொல்லும் வினய நூல்கள் கூறும் வரலாற்றின்படி, தொடக்கத்தில் துறவியர் சாணத்தாலும் மஞ்சள் மண்ணாலும் ஆடைக்கு நிறமேற்றினார்கள்; அது நன்றாக அமையாததால், வேர், மரம், பட்டை, இலை, பூ, கனி ஆகிய ஆறிலிருந்து எடுக்கும் சாயங்களைப் புத்தர் அனுமதித்தார். காட்டில் தங்கித் தியானம் செய்யும் தாய்லாந்தின் வன மரபுத் துறவியர், அம்மரபின் ஆசான் அஜான் சா 1954இல் உபோன் மாகாணத்தில் நிறுவிய வாட் பா போங் மடத்தைச் சேர்ந்தவர்கள் உட்பட, இதற்குப் பலாவின் வயிரத்தையே பயன்படுத்தி வந்திருக்கிறார்கள். வயிரத்தைச் சிராய்களாகச் செதுக்கி, நீண்ட நேரம் கொதிக்க வைத்து, வடித்த சாற்றில் துணியைத் தோய்க்கிறார்கள். தோய்க்கத் தோய்க்கத் துணி பொன்மஞ்சளிலிருந்து பழுப்பை நோக்கி நகர்கிறது.

சாயம் பக்குவமாகிவிட்டதா என்பதை, ஒரு துளியை நீரிலோ நகத்தின் மேலோ விட்டுப் பார்க்கச் சொல்கிறது வினயம். தோய்த்த ஆடையைக் கொடியில் போட்ட பிறகும் வேலை முடிவதில்லை. சாயம் ஒரு பக்கமாக வழிந்து தேங்கிவிடாதபடி துணியைத் திரும்பத் திரும்பப் புரட்டிப் போட வேண்டும். சொட்டுவது இடைவிடாமல் தொடரும் வரையில் துறவி அந்த இடத்தை விட்டு நகரக் கூடாது.

[காட்சி: கொடியில் தொங்கும் ஈரச் சீவரம். அதன் விளிம்பிலிருந்து விழும் துளிகள். அருகே நின்றுகொண்டிருக்கும் துறவி.]