எதிரி இனத்தில் பிறந்தவர் கையில் மொத்தப் படையும்: ஜான் ஆக்சூக் பற்றிய சந்தேகம்

வணக்கம். சிலுவைப் போர்களைப் பற்றிப் பேசியபோது போகிற போக்கில், பைசாந்தியம் என்ற கிழக்கு ரோமப் பேரரசின் தளபதி ஜான் ஆக்சூக் என்று ஒரு பெயரைச் சொல்லியிருந்தேன். அதைப் பிடித்துக்கொண்டு ஒரு நண்பர் கேட்டிருக்கிறார்: "அவர் துருக்கியர் என்கிறீர்கள். பைசாந்தியம் சண்டை போட்டுக்கொண்டிருந்ததே துருக்கியரோடுதான். அப்படிப்பட்டவரிடம் எப்படிப் படையை ஒப்படைத்தார்கள்? அரச குடும்பத்தார் சும்மா இருந்தார்களா?"

சும்மா இல்லை. அவர்கள் சும்மா இல்லாததால்தான் ஆக்சூக்குக்கு அந்தப் பதவி நிலைத்தது என்பேன்.

1097-இல் முதல் சிலுவைப் போர்ப் படை நைசியாவை முற்றுகையிட்டது. இன்று துருக்கியில் இஸ்னிக் என்று இருக்கிறதே, அந்த ஊர். அப்போது செல்ஜுக் துருக்கியர் கையில் இருந்தது. ஜூன் மாதம் நகரம் வீழ்ந்தது. பிடிபட்டவர்களில் ஒரு சிறுவன். அவனைப் பேரரசர் அலெக்சியோஸ் கொம்னெனோஸுக்குப் பரிசாகக் கொடுத்துவிட்டார்கள். பேரரசரின் மகன் ஜானுக்கும் ஏறக்குறைய அதே வயது, பத்துக்குள். இருவரும் ஒன்றாக விளையாடி வளர்ந்தார்கள். 1118-இல் அப்பா இறந்து ஜான் அரியணை ஏறினார். அந்த விளையாட்டுத் தோழன் மெகாஸ் டொமஸ்டிகோஸ் ஆனான். பேரரசின் தலைமைத் தளபதி என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர் குதிரையில் வரும்போது எதிர்ப்பட்டால், பேரரசரின் உறவினர்களே இறங்கி வணங்குவார்களாம். வரலாற்றாசிரியர் நிகெடாஸ் கோனியாடெஸ் இதைப் பதிந்திருக்கிறார்.

சரி, ஏன் இவ்வளவு நம்பிக்கை? சொந்தபந்தம் என்ன செய்தது என்று பாருங்கள். ஜான் பட்டத்துக்கு வந்து ஓர் ஆண்டு முடிவதற்குள் அவரைத் தீர்த்துக்கட்டச் சதி. பின்னால் இருந்தவர் அவருடைய அக்கா அன்னா கொம்னெனே. தன் கணவர் நிகெஃபோரோஸ் பிரயென்னியோஸை அரியணையில் உட்கார வைக்க ஆசை. கடைசி நேரத்தில் கணவர் தயங்கிவிட்டதால் சதி வெளிப்பட்டது. ஜான் யாருடைய கண்ணையும் பிடுங்கவில்லை. அந்தக் காலத்து வழக்கத்துக்கு அதுவே பெரிய விஷயம். சொத்தை மட்டும் பறித்தார்.

அக்காவின் பொன், வெள்ளி, விலையுயர்ந்த ஆடைகள் எல்லாம் ஓர் அறையில் குவிந்து கிடக்கின்றன. பேரரசர் வந்து பார்க்கிறார். உறவு பகையாகிவிட்டது, அந்நியன் நண்பனாகிவிட்டான் என்று நொந்துபோய், "எல்லாவற்றையும் நீயே எடுத்துக்கொள்" என்று ஆக்சூக்கிடம் சொல்லிவிடுகிறார். ஆக்சூக் வாங்கிக்கொள்ளவில்லை. நன்றி சொல்லிவிட்டு, மனம் திறந்து பேச அனுமதி கேட்கிறார். அக்கா தப்பே செய்திருந்தாலும் அக்காதானே, கூடப் பிறந்தவர் என்ற முறை விட்டுப்போகுமா, மன்னித்து இதையெல்லாம் அவரிடமே திருப்பிக் கொடுங்கள் என்கிறார். தானாடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்களே, அந்த நியாயம்தான். உன்னைவிட இரக்கத்தில் குறைந்தவன் என்றால் நான் ஆள லாயக்கில்லை என்று பேரரசரும் இறங்கி வந்தார்.

இதில் நல்ல மனசு இருக்கிறது, மறுக்கவில்லை. புத்திசாலித்தனமும் இருக்கிறது. அந்தச் சொத்தை வாங்கியிருந்தால் கொம்னெனோஸ் குடும்பம் முழுக்க அவருக்கு எதிரியாகியிருக்கும். பேரரசரை விட்டால் அந்த ஊரில் அவருக்கு யார் இருந்தார்கள்?

இன்னொன்றும் கேளுங்கள். பேரரசரின் சொந்தத் தம்பி ஐசக் கோபித்துக்கொண்டு துருக்கிய அமீரிடம் ஓடிப்போனார். தம்பி மகன் ஒருவர் 1140 வாக்கில் துருக்கியர் கையில் இருந்த நியோசெசரியா நகரத்தின் முற்றுகைக்கு நடுவே எதிரி பக்கம் போய்விட்டார். காரணம் ஒரு குதிரை! உன் அரபிக் குதிரையை அந்த இலத்தீன் வீரனுக்குக் கொடு என்று பெரியப்பா சொல்லிவிட்டாராம். ஆக, கொம்னெனோஸ் ரத்தம் துருக்கியரிடம் ஓடியது. துருக்கியர் ஆக்சூக் நின்ற இடத்தில் நின்றார்.

1143 ஏப்ரலில் சிலிசியாவில் (இன்றைய துருக்கியின் தென்கரைப் பகுதி) வேட்டைக் காயத்தால் ஜான் இறந்தார். மூத்த மகன்கள் இருவர் முன்பே இறந்துவிட்டார்கள். மிச்சம் தலைநகரில் ஐசக் (இது மகன்), பாசறையில் கடைக்குட்டி மனுவேல். ஜான் கைகாட்டியது மனுவேலை. ஐசக்கே பொருத்தம் என்று ஆக்சூக் வாதாடிப் பார்த்ததாகச் சொல்வார்கள். ஆனால் முடிவு சொல்லியாகிவிட்டது. மரணச் செய்தி எட்டுவதற்குள் தலைநகர் கான்ஸ்டான்டிநோபிளுக்கு விரைந்து, அதே ஐசக்கைப் பிடித்துப் பான்டோக்ரேடர் மடத்தில் அடைத்தவர் இவர்தான். அப்பா இறந்ததே ஐசக்குக்கு உள்ளே போன பிறகுதான் தெரிந்தது. தலைநகரின் பெரிய தேவாலயமான ஹாகியா சோபியாவின் குருமார் எதிர்த்துக் கிளம்பிவிடக் கூடாதென்று, ஆண்டுக்கு 200 மினா (அது ஒரு எடை அளவு) வெள்ளிக்காசு தருவதாக ஒரு சாசனம் கையோடு கொண்டுபோயிருந்தார். அதற்கு மசியாவிட்டால் நீட்ட, அதே அளவு பொன்னுக்கு இன்னொரு சாசனமும் இருந்தது. வெள்ளியிலேயே வேலை முடிந்தது.

அப்புறம் நார்மன்களிடமிருந்து கோர்ஃபு தீவை மீட்கும் போரில் கடற்படைத் தளபதி கல்லடி பட்டு இறக்க, அந்தப் பொறுப்பும் இவர் தலையில் விழுந்தது. 1150 வாக்கில் காலமானார்.

நண்பர் கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ஆக்சூக்கின் மகன் அலெக்சியோஸ், பேரரசர் ஜானின் பேத்தியை மணந்தார். யாருமில்லாதவரின் குடும்பம் அரச குடும்பமாகிவிட்டது. அதோடு பழைய பாதுகாப்பும் போயிற்று. 1167-இல் அவர்மேல் சூனியம், துரோகம் என்று குற்றச்சாட்டு. வீட்டுச் சுவரில் பேரரசர் மனுவேலின் வெற்றிகளை வரையாமல் சுல்தானின் வெற்றிகளை வரைந்தார் என்பதும் அதில் ஒன்று. அப்பா காலத்தில் யாரும் சொல்லிக்காட்டாத துருக்கிய வழி இப்போது ஞாபகம் வந்துவிட்டது போல. இன்னொரு வரலாற்றாசிரியரான கின்னமோஸ் குற்றத்தை நம்புகிறார், கோனியாடெஸ் நம்பவில்லை. எனக்கும் நம்பிக்கையில்லை. மனிதரைத் துறவியாக்கி மடத்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

அவருடைய மகன், 'தடியன்' என்று பெயரெடுத்த ஜான், 1200 வாக்கில் ஒரு கூட்டத்தோடு ஹாகியா சோபியாவுக்குள் புகுந்து, பலிபீடத்துக்கு மேல் தொங்கிய கிரீடங்களில் ஒன்றை எடுத்துச் சூட்டிக்கொண்டார். நேரே பழைய அரண்மனைக்குப் போய் அரியணையில் உட்கார்ந்தார். வியர்த்துக் கொட்ட, தண்ணீர் மேல் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாராம். வெளியே காவல் போட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. கூட்டம் கொள்ளையடிக்கப் போய்விட்டது. அப்போதைய பேரரசரின் ஆட்கள் உள்ளே வந்து அவரை வெட்டிச் சாய்த்து, தலையைக் கடைவீதிச் சதுக்கத்தில் தொங்கவிட்டார்கள்.