'மற்றும் குழுவினர்': எல். ஆர். ஈஸ்வரியின் பாட்டுத் தொழில்

(இலங்கை மலையகத்தின் அட்டன் நகரில் நடைபெற்ற கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவைத் தலைவர் அவர்களே, பெரியோர்களே, தாய்மார்களே, மாணவத் தம்பி தங்கைகளே,

தேயிலைத் தோட்டத்தில் 'பேர்' என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு என்பதை இந்த அவைக்கு நான் விளக்க வேண்டியதில்லை. பெற்றோர் வைத்த பேர் ஒன்று. கணக்கப்பிள்ளை செக்ரோல் என்ற கூலிப் பதிவேட்டில் போடும் பேர் மற்றொன்று. கொழுந்து நிறுக்கும்போது தராசு ஏறினால் முழு நாள் கூலிக்கான முழுப் பேர், இறங்கினால் அரைப் பேர். இன்று நான் பேச வந்திருக்கும் பாடகி, தம் தொழிலின் முதல் ஆண்டுகளில் இந்த இரண்டாவது பேரை மட்டுமே வாங்கியவர். அன்றைய ஒலிப்பதிவுக்குரிய கூலி கிடைத்தது; இசைத்தட்டின் நடுவில் ஒட்டியிருக்கும் வட்டத் தாளில் அவருக்கென்று ஓர் எழுத்தும் இல்லை. 'மற்றும் குழுவினர்' என்ற இரண்டு சொற்களுக்குள் அவர் அடங்கியிருந்தார்.

லூர்து மேரி ராஜேஸ்வரி என்ற பெயருடன் 1939இல் ஒரு கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். அவருடைய தாயாரும் திரைப்படங்களில் குழுப் பாடகியாக இருந்தவரே. தாயின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைந்த பெண், 1954இல் வெளிவந்த மனோகரா படத்தில் குழுவோடு சேர்ந்து பாடினார். நம் பிள்ளைகள் தாயோடு மலைக்குப் போய்க் கொழுந்தெடுக்கப் பழகியதைப் போன்றதே இது. ராஜேஸ்வரி என்ற பெயரில் திரையுலகில் முன்பே ஒரு பாடகி இருந்ததால், இவர் எல். ஆர். ஈஸ்வரி ஆனார். 1958இல் நல்ல இடத்து சம்பந்தம் படத்தில் கே. வி. மகாதேவன் அவரைத் தனியாகப் பாட வைத்தார். ஆயினும் ஊர் அறிந்தது 1961இல்தான். விசுவநாதன் – ராமமூர்த்தி இசையில் கண்ணதாசன் எழுதிய 'வாராய் என் தோழி வாராயோ' என்ற பாசமலர் பாட்டு, அன்று தொட்டு இன்று வரை தமிழர் திருமணம் எதிலும் விடுபட்டதில்லை. அந்தப் பாட்டைக் கவனித்துக் கேளுங்கள்: தோழி ஒருத்தி முன்னே பாட, மற்றத் தோழிகள் பின்னே எடுத்துப் பாடுகிறார்கள். ஏழு ஆண்டுகள் பின்னே நின்றவருக்குப் பேர் வாங்கித் தந்த பாட்டே ஒரு குழுப் பாட்டாக அமைந்துபோனது!

குழுப் பாட்டு என்பது என்ன தொழில்? நம் தோட்டங்களில் ஆடும் காமன் கூத்தில் பின்பாட்டுப் பாடியவர்களைக் கேட்டால் சொல்வார்கள். தன் குரல் தனியே கேட்டால் அது பிழை. கேட்காமலே போனால் அதுவும் பிழை. அந்தக் காலத்து ஒலிப்பதிவில் வாத்தியக்காரர்களும் பாடகர்களும் ஒரே கூடத்தில், ஒரே நேரத்தில் இசைத்தார்கள். வரி வரியாகப் பாடி ஒட்டிக்கொள்ளும் வசதி கிடையாது. கடைசிச் சரணத்தில் ஒருவர் மூச்சுத் தவறினால், வயலின்காரர் முதல் தபேலாக்காரர் வரை அனைவரும் பல்லவிக்குத் திரும்ப வேண்டும். அத்தகைய கூடம் எப்படி இருந்தது என்று பார்க்க விரும்பும் இளையவர்கள், 1964இல் வந்த சர்வர் சுந்தரம் படத்தில் எம். எஸ். விசுவநாதனும் டி. எம். சௌந்தரராஜனும் தாங்களே தோன்றும் 'அவளுக்கென்ன' பாட்டைப் பார்க்கலாம். அந்தப் பாட்டில் ஒலிக்கும் பெண் குரலும் ஈஸ்வரியுடையதே.

பக்கத்தில் நிற்பவளின் குரலுக்குள் தன் குரலைக் கரைக்கக் கற்றவர்தான் பிற்காலத்தில் எவர் குரலாகவும் மாற முடிந்தது என்பது என் கருத்து. பலகுரல் வல்லமை என்று நாம் வியப்பது பிறவி வரம் மட்டுமன்று. தன்னை மறைத்துப் பழகிய தொழிற்பழக்கமும் அதில் பாதி.

இரண்டு பாடல்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். 1969இல் வந்த சிவந்த மண் படத்தின் 'பட்டத்து ராணி'யில், சாட்டை சொடுக்கும் ஓசை தாளத்தோடு தாளமாக விழுகிறது. ஒவ்வோர் அடிக்கும் ஆடுபவள் துடிக்க வேண்டும், ஆனால் ஆட்டம் நிற்கக் கூடாது. ஆகவே பாடுபவரும் வலியின் மூச்சை இழுத்த கணமே அடுத்த சொல்லைச் சுருதி பிசகாமல் பிடிக்க வேண்டும். மூன்றே ஆண்டுகளில், 1972இல் வெள்ளி விழா படத்துக்காக வி. குமார் இசையில் அதே குரல் 'காதோடுதான் நான் பாடுவேன்' என்று வருகிறது. வாலி எழுதிய சொல்லுக்கு ஏற்ப, உண்மையாகவே காதோடு. உரத்துப் பாடுவதைவிட இப்படி அடக்கிப் பாடுவதே கடினம். காற்று அதிகமாகி ஸ்வரம் கரைந்துபோகும். ஒரு முறைகூட அது கரையவில்லை. இவற்றுக்கு முன்பே தூத்துக்குடிப் பேச்சில் 'முத்துக்குளிக்க வாரீகளா' என்றும், கூடைக்காரியாக இலந்தைப்பழம் விற்றும் பாடியவர் அவர். இவ்வளவையும் கேட்ட பிறகும் அவரைக் 'கிளப் பாட்டுப் பாடகி' என்று ஒரு பெட்டிக்குள் வைத்து மூடுகிறவர்களின் சோம்பலை நான் மன்னிப்பதாக இல்லை.

எங்களுக்கு அவர் எப்படி வந்து சேர்ந்தார்? இலங்கை வானொலியின் வர்த்தக சேவை 1950 செப்டெம்பரில் தொடங்கியது. 1952இல் இந்திய வானொலி திரைப்பாடல்களை ஒதுக்கி வைத்தபோது, தமிழ்நாட்டு மக்களே பாட்டுக்காகக் கொழும்பை நோக்கிக் காதைத் திருப்பினார்கள். தொழிலாளர் வரிசை வீடான எங்கள் லயத்தில் காம்பிரா என்ற பன்னிரண்டு அறைகளுக்கும் சேர்த்து ஒரேயொரு பற்றரி ரேடியோ இருந்தது. உரியவர் அதை மாலையில் இஸ்தோப்பு என்ற முன் திண்ணையில் கொண்டுவந்து வைப்பார். தேங்காய்த் துருவிக்கொண்டும், பேன் பார்த்துக்கொண்டும் லயமே கூடிவிடும். மயில்வாகனன், கே. எஸ். ராஜா, அப்துல் ஹமீத், ராஜேஸ்வரி சண்முகம் போன்ற அறிவிப்பாளர்கள் படம், கவிஞர், இசையமைப்பாளர், பாடகர் என்று ஒவ்வொன்றாகச் சொல்லுவார்கள். பள்ளிக்கூடம் கண்டிராத என் அத்தைக்கு அதனால் வாலியையும் தெரியும், வி. குமாரையும் தெரியும். 'மற்றும் குழுவினர்' என்று முடிக்கும்போது அத்தை சிரித்துக்கொண்டு, "அது நாங்கதான்" என்பார். மலையில் பாட்டெடுப்பவள் ஒருத்தி, மற்றவர்கள் பின்னால் வாங்கிப் பாடுபவர்கள். அத்தை எப்போதும் பின்னால்.

அத்தையின் கல்யாணத்தில் வாடகைக்குப் பிடித்த ஒலிபெருக்கியில் 'வாராய் என் தோழி' மூன்று தடவை ஒலித்ததாகச் சொல்வார்கள். 1964இல் இலங்கையும் இந்தியாவும் செய்த சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம், இலங்கையில் வாழ்ந்த இந்திய வம்சாவளியினரில் ஐந்து இலட்சத்து இருபத்தையாயிரம் பேரை இந்தியாவுக்கு என்று எண்ணி வைத்தது. அந்த எண்ணிக்கையில் அத்தையும் ஒருவர். எழுபதுகளில், இந்தியாவுக்குப் போகிறவர்களை ஏற்றிச் சென்றதால் 'அழுகைக் கோச்சி' என்று பேர் பெற்ற ரயிலில் தலைமன்னாருக்குப் போன அவரை நான் மறுபடி பார்க்கவில்லை.

இந்த அட்டனில் ஈஸ்வரியைப் பேசும்போது, இதே ஊரில் 1931இல் தொழிற்சங்கம் தொடங்கிய கோ. நடேசய்யரின் துணைவியார் மீனாட்சி அம்மையாரை நினைக்காமல் இருக்க முடியவில்லை. தோட்ட மக்களின் துயரத்தைத் தாமே பாட்டாக எழுதித் தாமே மேடையில் பாடி, 1940இல் நூலாகவும் வெளியிட்டவர் அவர். ஒலிப்பதிவுக் கூடம் அவருக்கு வாய்க்கவில்லை, குரலும் நமக்கு மிஞ்சவில்லை. எழுதியதையாவது நம் பாடசாலைகளில் பாட வைத்தால் என்ன என்பதை அமைப்பாளர்களிடம் தனியே கேட்டுக்கொள்கிறேன்.

எழுபதுகளின் பிற்பகுதியில் திரையிசையின் போக்கு மாறியது. ஈஸ்வரிக்கு வாய்ப்புகள் குறைந்தன. அவர் ஓய்ந்துவிடவில்லை, மாரியம்மன் பாடல்களின் பக்கம் முழுமையாகத் திரும்பினார். ஞானஸ்நானம் பெற்ற குடும்பத்துப் பெண்ணின் குரலில்தான் 'செல்லாத்தா செல்ல மாரியாத்தா'வுக்கு ஆத்தா இறங்கினாள் என்பதைப் பற்றி நம் மக்கள் ஒரு நாளும் கேள்வி எழுப்பியதில்லை. திரைப்படம் அவரை மறந்திருந்த காலத்தில் தோட்டத்துத் திருவிழாக்கள் அவரை மறக்கவில்லை. பின்னர் 2011இல் ஒஸ்தி படத்தில் 'கலாசலா'வுக்கும், 2020இல் மூக்குத்தி அம்மன் படத்தில் 'ஆடி குத்து'க்கும் திரையுலகமே மீண்டும் அவரைத் தேடி வந்தது. மனோகராவிலிருந்து எண்ணினால் அறுபத்தாறு ஆண்டுகள். குரல் சற்றுத் தடித்திருந்தது, தாளம் நெகிழவில்லை.

கடந்த திருவிழாவுக்கு எங்கள் தோட்டத்துக்குப் போயிருந்தேன். சவுக்கு மரத்தில் கட்டிய ஒலிபெருக்கியில் விடியற்காலையிலேயே ஈஸ்வரி தொடங்கிவிட்டார். கரகம் ஆற்றங்கரையிலிருந்து ஏறி வருகையில் மின்சாரம் நின்று, பாட்டு நடுவரியில் அறுந்தது. தப்பு மட்டும் விடாமல் அடித்துக்கொண்டிருக்க, கரகத்தின் பின்னால் வந்த பெண்கள், எவரும் எடுத்துக்கொடுக்காமலே, அறுந்த வரியிலிருந்து பாடிக்கொண்டு படியேறினார்கள். மின்சாரம் திரும்பியபோது ஒலிபெருக்கிக்காரப் பையன் பெட்டியின் விசையைப் போடவில்லை.