ஸைட்லிட்ஸ் ஏன் மூழ்கல? ஒரு ஜெர்மன் பேட்டில் குரூசரின் உள்ளே

[திரையில்: ஜூன் 1916. முன்பக்கம் தண்ணீரில் அமிழ்ந்தபடி திரும்பி வரும் போர்க்கப்பல்.]

இந்தக் கப்பலோட பின்பாதியை மட்டும் பார்த்தா ஒரு குறையும் தெரியாது. முன்னாடி வர வர மேல்தளமே அலையைத் தொடுது. பேரு ஸைட்லிட்ஸ், பேட்டில் குரூசர் வகை, அதாவது பெரிய பீரங்கியோட வேகமாவும் ஓடுற போர்க்கப்பல். ஹாம்பர்க்ல கட்டினது, 1913 மே மாசம் ஜெர்மன் கடற்படையில சேர்ந்தது. 200 மீட்டர் நீளம், சுமார் 25,000 டன் எடை, ஆயிரத்துக்கு மேல ஆட்கள். முதல் உலகப் போர்ல, பிரிட்டிஷ் கடற்படையோட மோதின ஜட்லாந்து சண்டையில 21 பெரிய குண்டும் ஒரு டார்பிடோவும் வாங்கிட்டு, 5,300 டன் தண்ணியைச் சுமந்துகிட்டு ஊர் வந்து சேர்ந்துச்சு.

அதே சண்டையில பிரிட்டனோட மூணு பேட்டில் குரூசர்கள் வெடிச்சுச் சிதறிப் போச்சு. ஜெர்மன்காரன் எஃகு அப்படின்னு சொல்லி பல பேர் விஷயத்தை முடிச்சுடுவாங்க. ஸைட்லிட்ஸோட பக்கவாட்டுக் கவசம் 300 மில்லிமீட்டர், பிரிட்டிஷ் லயன் கப்பலுக்கு 229. அந்த வித்தியாசம் நிஜம்தான். ஆனா அந்த மூணு கப்பலும் போனது மருந்து, அதாவது பீரங்கிக் குண்டைத் தள்ளுற வெடிமருந்து, வெடிச்சதாலதான். அதனால நாம பார்க்க வேண்டிய இடம் பீரங்கிக்குக் கீழ.

[திரையில்: டரெட்டின் குறுக்குவெட்டுப் படம்.]

மேல்தளத்துல பீரங்கியோட சுத்துற கூண்டுக்குப் பேரு டரெட். நம்ம கண்ணுக்குத் தெரியுறது கிணத்து மூடி மட்டும்தான், கிணறு கீழ இருக்கு. அந்தக் கிணத்தைச் சுத்தி நிக்கிற கவச வளையம் பார்பெட். ஸைட்லிட்ஸ்ல அது 230 மில்லிமீட்டர். அடியில, தண்ணி மட்டத்துக்கும் கீழ, குண்டு அறையும் மருந்து அறையும். அங்கிருந்து ஒரு லிஃப்ட் நடுவுல இருக்கிற வேலை அறை வரைக்கும் வரும். அங்க கை மாத்தி, இன்னொரு லிஃப்ட்ல பீரங்கிக்கு ஏத்துவாங்க. 28 சென்டிமீட்டர் பீரங்கி ஒரு தடவை சுட, சுமார் 300 கிலோ குண்டு ஒண்ணு, அதைத் தள்ள சுமார் 100 கிலோ மருந்து. ஒரு தடவை சுடுறதுக்கான இந்த மருந்துதான் ஒரு பொதி. வேகமாச் சுடணும்னா, அடுத்த பொதி தயாரா பக்கத்துல இருக்கணும். அதனால வேலை அறையில மருந்தை முன்கூட்டியே எடுத்து அடுக்கி வைப்பாங்க. ஆபத்து தொடங்குற இடம் அதுதான்.

1915 ஜனவரி 24, வடகடல்ல டாகர் பேங்க் சண்டை. லயன் சுட்ட குண்டு சுமார் 15 கிலோமீட்டர் தாண்டி வந்து, ஸைட்லிட்ஸோட கடைசி டரெட் பார்பெட்ல மோதுச்சு. கவசத்தை அது முழுசாத் துளைச்சு உள்ள போகல. மோதின வேகத்துல கவசத்தோட உள்பக்கத்துல இருந்து பழுக்கச் சிவந்த துண்டுகள் பெயர்ந்து, வேலை அறையில இருந்த மருந்து மேல தெறிச்சுது. தீ லிஃப்ட் வழியா மேல பீரங்கிக்கும் போச்சு, கீழயும் இறங்குச்சு. கீழ இருந்தவங்க உயிர் பிழைக்கப் பக்கத்து டரெட்டுக்குப் போற கதவைத் திறந்தாங்க. அந்த நிலைமையில யாரா இருந்தாலும் திறந்திருப்பாங்க. அந்தக் கதவு வழியா தீயும் போச்சு. ரெண்டு டரெட்டும் எரிஞ்சுது. 62 பொதி, சுமார் 6 டன் மருந்து. கிட்டத்தட்ட 160 பேர் இறந்தாங்க.

மருந்து அறைகளுக்குள்ள கடல் தண்ணியைத் திறந்து விட உத்தரவு வந்துச்சு. வால்வோட சக்கரம் பழுக்கக் காய்ஞ்சு கிடந்துச்சு. பம்ப்புகளுக்குப் பொறுப்பா இருந்த வில்ஹெல்ம் ஹைட்காம்ப் அதை வெறும் கையால பிடிச்சுத் திருப்பினார். கை வெந்து போச்சு, புகை நுரையீரலைக் கெடுத்துச்சு. 600 டன் தண்ணி உள்ள வந்து தீ அடங்குச்சு. பின்னாடி ஒரு டெஸ்ட்ராயருக்கு அவர் பேரை வெச்சாங்க.

ஆனா 6 டன் மருந்து எரிஞ்சும் கப்பல் ஏன் வெடிக்கல? இந்த இடத்தை நிதானமாப் பாருங்க. ஜெர்மன் பீரங்கியோட பின்கதவு பக்கவாட்டுல வழுக்கி மூடுற ஆப்பு மாதிரி. அந்த வகை மூடியில வாயு கசியாம இருக்க ஒரு பித்தளை உறை வேணும். அதனால மருந்துல பெரும்பகுதி பித்தளை உறைக்குள்ள இருக்கும், சின்னப் பகுதி மட்டும் பட்டுப் பையில. பிரிட்டிஷ் பீரங்கிக்கு மரை வெச்ச மூடி, உறை தேவையில்ல. அவங்க கார்டைட் மருந்து முழுக்கப் பட்டுப் பைகள்ல, அதோட முனையில பத்த வைக்கிற கரி மருந்து வேற. ஜெர்மன் மருந்து எரிஞ்சுது, கார்டைட் வெடிச்சுது. அந்தப் பித்தளையைப் பாதுகாப்புன்னு நினைச்சு யாரும் போடல. வாயுவை அடைக்கப் போட்டது ஆயிரம் உயிரைக் காப்பாத்திடுச்சு.

[திரையில்: லிஃப்ட் வாயிலில் தானாக மூடும் தடுப்புத் தட்டு.]

டாகர் பேங்க்ல இருந்து ஊர் திரும்பினதும் ஜெர்மன்காரங்க எரிஞ்ச டரெட்டை ஆராய்ஞ்சு, ஏற்பாட்டை மாத்தினாங்க. லிஃப்ட் வாயில்கள்ல தீ தாண்டாத தடுப்புகள். அறைக்கு அறை கதவு மூடியே இருக்கணும். மருந்து அறைக்கு வெளிய அந்தந்த நேரத்துக்குத் தேவையான பொதி மட்டும்.

பிரிட்டிஷ் பேட்டில் குரூசர் பிரிவு அதே சண்டையில இருந்து எடுத்துக்கிட்ட பாடம் வேற: இன்னும் வேகமாச் சுடணும். கார்டைட் பைகளை வெளிய அடுக்கினாங்க, மருந்து அறைக் கதவைத் திறந்தே வெச்சாங்க. விதிவிலக்கு லயன். அதோட தலைமை கன்னர் அலெக்சாண்டர் கிராண்ட் பழைய ஒழுங்கைத் திரும்பக் கொண்டு வந்தார்.

1916 மே 31, ஜட்லாந்து. மூணு பிரிட்டிஷ் கப்பலும் ஒவ்வொண்ணா வெடிச்சுது. 16:02க்கு இன்டிஃபேடிகபிள். 16:26க்கு குயின் மேரி. 18:30 தாண்டி இன்வின்சிபிள். மூணுலயும் சேர்த்து 3,300 பேருக்கு மேல இறந்தாங்க. லயனோட நடு டரெட்டும் அடி வாங்குச்சு. அங்க பொறுப்புல இருந்த மேஜர் ஹார்வி சாகுற நேரத்துல மருந்து அறைக்குத் தண்ணி விடச் சொன்னார், கதவும் மூடியிருந்துச்சு, லயன் தப்பிச்சுது.

ஸைட்லிட்ஸுக்கும் ஏறக்குறைய டாகர் பேங்க்ல பட்ட மாதிரியே அடி. பின்பக்க மேல் டரெட்டோட பார்பெட்டைக் குண்டு துளைச்சு, வேலை அறையில தீ. இந்த முறை எரிஞ்சது நாலே நாலு பொதி. அந்த டரெட் போச்சு, தீ தாண்டல. 62, அப்புறம் 4. இந்த ரெண்டு எண்ணுக்கு நடுவுல 16 மாசம்.

தீயில தப்பிச்ச கப்பலைத் தண்ணி விடல. முன் டரெட்டுக்குக் கீழ ஒரு டார்பிடோ வெடிச்சு, 12 மீட்டர் நீளத்துக்கு ஓட்டை. உள்ள இருந்த 50 மில்லிமீட்டர் டார்பிடோ தடுப்புச் சுவர் தாங்குச்சு. அதனால அந்த ஓட்டை மட்டும் கப்பலைக் கொல்லல. ஆனா அணியத்துல, அதாவது கப்பலோட முன்முனையில, மேல்பக்கம் விழுந்த குண்டுகள் போட்ட துளைகள் இருந்துச்சே! கப்பல் முன்னாடி சாயச் சாய, தண்ணிக்கு மேல இருந்த துளைகள் ஒவ்வொண்ணா தண்ணி மட்டத்துக்கு வந்துச்சு. வேகமாப் போனா அலையே உள்ள தள்ளும். தடுப்புச் சுவர் எத்தனை இருந்தாலும், அதைத் துளைச்சுகிட்டுப் போற காத்துக் குழாயும் பேச்சுக் குழாயும் கசிஞ்சா அறைக்கு அறை தண்ணி நடந்து போகும். இது பாதுகாப்பு அமைப்போட நிஜமான பலவீனம். கூடப் போன இன்னொரு ஜெர்மன் பேட்டில் குரூசர் லுட்ஸோ இதே மாதிரி அணியத்துல தண்ணி ஏறி, கடைசியில ஜெர்மன்காரங்களே டார்பிடோ போட்டு மூழ்கடிக்க வேண்டியதாச்சு.

ராத்திரி ஸைட்லிட்ஸ் டென்மார்க் கரைக்கு அப்பால இருக்கிற ஹார்ன்ஸ் ரீஃப் மணல்திட்டுல தட்டுச்சு. காலையில பிலாவ் குரூசர் வழி காட்ட முன்னாடி போச்சு. முன்னோக்கிப் போனா தடுப்புச் சுவர்கள் உடையும்னு, கப்டன் ஃபொன் எகிடி கப்பலைத் திருப்பிப் பின்பக்கமா ஓட்டினார். ஜூன் 1 பிற்பகல் அணியம் கிட்டத்தட்ட முழுசா மூழ்கியிருந்துச்சு. முன்பகுதியில மிதக்க வெச்சது ஒரே ஒரு அறை, டார்பிடோ குழாய்கள் இருந்த அறை. லுட்ஸோவுக்கு அந்த அறையும் போயிருந்துச்சு. காயம்பட்டவங்களை இறக்கத் தயாரானப்போ ரெண்டு பம்ப் கப்பல்கள் வந்து சேர்ந்துச்சு.

ஜூன் 2 காலை யாடே ஆத்து முகத்துவாரம். அணியத்தோட கனத்தைக் குறைக்க முன் டரெட்டோட பீரங்கிகளைக் கழட்டினாங்க. ஜூன் 3 வில்ஹெல்ம்ஸ்ஹாஃபன் துறைமுகத்தோட லாக்குக்குள்ள, அதாவது தண்ணி மட்டத்தைச் சரிபண்ணி கப்பலை உள்ள விடுற மதகு வாசலுக்குள்ள, போச்சு. இந்தத் தடவை இறந்தவங்க 98 பேர். பழுது பார்த்து முடிக்க செப்டம்பர் ஆயிடுச்சு.