எங்கள் மைதானம் ஏன் கிழக்கு மேற்காகக் கிடக்கிறது?

வணக்கம் உறவுகளே! இன்றைக்குக் கிளிநொச்சியில், எங்கள் ஊர் மைதானத்தில் நிற்கிறேன். அந்தப் பக்கம் இரணைமடுவில் இருந்து வரும் வாய்க்கால், இந்தப் பக்கம் வயல். பின்னேரம் ஐந்து மணி. அந்தக் கோல் காப்பாளரைப் பாருங்கள், நெற்றியில் கையை வைத்துக்கொண்டுதான் நிற்கிறார். வெயில் நேரே கண்ணில் அடிக்கிறது. உதைபந்தாட்ட மைதானத்தைப் பொதுவாக வடக்கு தெற்காகத்தான் போடுவார்கள். இது மட்டும் ஏன் இப்படி?

கொஞ்சம் பின்னால் போவோம். 1936இல் தொடங்கிய குடியேற்றத் திட்டத்தோடுதான் கிளிநொச்சி ஊரானது. யாழ்ப்பாணத்தில் வேலையும் காணியும் இல்லாதவர்கள் வந்து காடு வெட்டினார்கள். அப்புறம் அவர்களுடைய பிள்ளைகள் பொதுக்காணி ஒன்றில் பற்றையை வெட்டி, சிரமதானமாகவே இந்த மைதானத்தைப் போட்டார்கள். கோல் கம்பம் பாலைமரம்.

வாங்கோ, வாய்க்கால் கரையில் ஒன்று காட்டுகிறேன். மண்ணுக்கு மேலே ஒரு சாண் கட்டை தெரிகிறதா? கறுத்து, இரும்பு மாதிரி இறுகிக் கிடக்கிறது. அந்தப் பழைய கம்பத்தின் அடி இதுதான். இங்கேயிருந்து தெற்கே பாருங்கள், பழைய மைதானம் நீட்டுக்கு அப்படியே போனது.

1996இல் இடம்பெயர்ந்தபோது கழகத்துக் கிண்ணங்களைச் சாக்கில் கட்டி அக்கராயனுக்குக் கொண்டுபோனார்களாம். 2002இல் சமாதான காலம், ஏ9 பாதை திறந்தது, யாழ்ப்பாணத்து அணிகளும் வந்து விளையாடின. அந்தச் சுற்றுப்போட்டிகளைச் சொல்லும்போது அண்ணைமாரின் முகமே மாறிவிடும். 2008 கடைசியில் மறுபடி ஓட்டம். இந்த முறை கிண்ணமும் இல்லை, கூட்டக் கொப்பியும் இல்லை.

மீள்குடியேறி வந்தபோது மைதானத்தின் தெற்குப் பாதியில் மண்டையோடு போட்ட சிவப்புப் பலகைகள். மிதிவெடி. அகற்றி முடிக்கும்வரை உள்ளே கால் வைக்க முடியாது. ஆனால் பொடியளுக்குப் பந்து வேண்டும்! மிச்சம் இருந்த வடக்குப் பாதியில் குறுக்காகச் சாம்பலால் கோடு போட்டு விளையாடத் தொடங்கிவிட்டார்கள். பிறகு வெடி எடுத்து முடிந்தது, பலகையும் போனது. அதற்குள் இரும்புக் கம்பம் நட்டாயிற்று, தெற்குப் பாதியில் முன்பள்ளியும் வந்துவிட்டது. அகலம் 50 மீற்றர்தான் வரும். சரி, விதிப்படி ஆகக் குறைந்தது 45 மீற்றர், அது போதும். இந்தக் கோணல் எனக்குப் பிடிக்கும். பலகை நிற்கும்போதே விளையாட வந்த பொடியள் போட்ட கோடு இது.

எங்கள் கழகத்திடம் பழைய படம் ஒன்றுகூட இல்லை. கனடாவிலும் சுவிஸிலும் இருக்கிற உறவுகளே, உங்கள் அல்பங்களைக் கொஞ்சம் புரட்டுங்கோ. பாலைக் கம்பம் தெரிகிற படம் ஒன்று இருந்தாலும் எனக்கு அனுப்புங்கோ, யார் யார் நிற்கிறார்கள் என்றும் எழுதுங்கோ. பெயர் சொல்லக்கூடிய ஐயாமார் இன்னும் இரண்டு மூன்று பேர் இங்கே இருக்கிறார்கள். அடுத்த காணொளியில் அவர்களைப் பேச வைக்கிறேன்.