கோப்பையைக் கழுவி வைத்தாரே, அது போதாதா?

வணக்கம் மக்களே, ரங்கூனிலிருந்து பேசுகிறேன். 1989-லேயே யாங்கோன் என்று மாற்றிவிட்டார்கள், எங்கள் வீட்டில் இன்னும் ரங்கூன்தான். கரண்ட் இல்லை, பின்னால் ஜெனரேட்டர் சத்தம் கேட்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சரி, நான் எடுத்துக்கொண்டிருந்த குறும்படம் முடிந்துவிட்டது. நான்கு நிமிடம். தங்களுக்குள் பேச்சு அற்றுப்போன ஓர் அப்பாவும் மகனும் அனோரத்தா தெருப் பக்கம் ஒரு டீக்கடையில் உட்காருகிறார்கள். அவ்வளவுதான் கதை.

முதலில் இரண்டு பக்கம் வசனம் எழுதினேன். "உங்கம்மா இருந்திருந்தா..." என்று ஆரம்பிக்கும். எனக்கே கூச்சமாக இருந்தது. அப்புறம் ஒரு காலை முழுக்கக் கடையில் சும்மா உட்கார்ந்து பார்த்தேன். நம்ம ஊர் டீக்கடை தெரியுமே, மேசையில் காசில்லாத வெறும் டீ ஃபிளாஸ்க்கில் இருக்கும், குட்டிக் கோப்பைகள் தண்ணீரில் கிடக்கும். கோப்பையில் கொஞ்சம் டீ ஊற்றி, ஒரு சுழற்று சுழற்றிக் கீழே கொட்டிவிட்டுத்தான் குடிப்போம். எதிர்மேசைப் பெரியவர் ஒருவர் தன் கோப்பையைக் கழுவினார். பிறகு எதிரே இருந்தவரின் முகத்தைப் பார்க்காமலே அவர் கோப்பையையும் கழுவி, டீ ஊற்றி, விரலால் நகர்த்தி வைத்தார்.

வசனத்தை அன்றைக்கே கிழித்துவிட்டேன். கேமராவை மேசை உயரத்தில் வைத்து, அந்தக் கையை மட்டும் நாற்பது வினாடி வெட்டாமல் எடுத்தோம். படத்தில் மகன் எழுப்பும் ஒரே ஒலி, கடைப் பையனைக் கூப்பிட உதட்டைக் குவித்து விடும் முத்தச் சத்தம். பர்மாவின் முதல் கதைப்படமே 1920-ல் வந்த ஊமைப்படம்தானே, நமக்கென்ன!

ஆனாலும் புத்தி போகுமா? கடைசியில் மகன் அழுகிற மாதிரி ஒரு குளோசப், மேலே வயலின். சித்தியிடம் போட்டுக் காட்டினேன். "அதான் அப்பா கோப்பையைக் கழுவி வச்சுட்டாரே, அப்புறம் எதுக்குடா இவன் அழுவுறான்?" என்றார். இரண்டையும் தூக்கிவிட்டேன்.

இப்போது கோப்பை நகர்ந்ததும் மகனின் வெறும் முகம் மூன்று வினாடி வரும். ரஷ்யாவில் குலெஷோவ் என்ற திரைப்பட இயக்குநர் நூறு வருஷத்துக்கு முன்பே செய்த வித்தை. ஒரே முகம், சூப் கிண்ணத்துக்குப் பக்கத்தில் பசியாகத் தெரியும், சவப்பெட்டிக்குப் பக்கத்தில் துக்கமாகத் தெரியும். பார்த்தவர்கள் "தம்பி கண் கலங்கிட்டான்" என்கிறார்கள். அவன் மொகிங்கா, அதான் நம்ம ஊர் மீன் குழம்பு நூடுல்ஸ், எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டிருந்தான்.

அப்பாவாக நடித்தவர் ஒன்பது டேக்கிலும் ஊற்றிய டீயை முழுசாகக் குடித்தார். ராத்திரி தூக்கமில்லையாம். படம் கீழே லிங்கில் இருக்கிறது.