ஊட்டி ரயில் என்ஜின் பிறக்கிற ஊரில் ஏற்றமே கிடையாது! | பொன்மலை

வணக்கம் மக்களே. எடுத்ததுமே ஒரு கேள்வி. ஊட்டி மலை ரயிலின் நீராவி என்ஜினை எங்கே செய்கிறார்கள்? சுவிட்சர்லாந்து என்றவர்களுக்குப் பாதி மார்க். பழைய என்ஜின்கள் அங்கே வின்டர்தூரில் செய்தவைதான். ஆனால் 2021இல் நிலக்கரியில் ஓடும் புத்தம் புது என்ஜின் ஒன்று வெளியே வந்தது, திருச்சி ஓரத்துப் பொன்மலையிலிருந்து!

[திரையில்: பொன்மலை ரயில்வே பட்டறையின் ஆர்மரி கேட், காலை நேரம். டிபன் கேரியர் தொங்கும் சைக்கிள்கள்.]

வரலாற்றைச் சட்டென்று முடித்துவிடுகிறேன், ஓட்டிவிடாதீர்கள். பொன்மலை என்பது ஒரு சின்னப் பாறை. 1753இல் அதற்காக ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் அடித்துக்கொண்டார்கள். தென்னிந்திய ரயில்வேயின் பட்டறை முதலில் நாகப்பட்டினத்தில் இருந்தது. 1920களின் கடைசியில் இங்கே வந்துவிட்டது. நாகப்பட்டினத்துக்காரர்கள் கமென்டில் என்னைத் திட்ட வேண்டாம், நான் மாற்றவில்லை. பட்டறைக்கு ஆள் வந்தார்கள், ஆளுக்குக் குவார்ட்டர்ஸ், குவார்ட்டர்ஸுக்குத் தெரு, தெருவுக்கு மரம், அப்புறம் ஞாயிற்றுக்கிழமைச் சந்தை. 1994இல் திருச்சி மாநகராட்சிக்குள் சேர்த்தார்கள். அதுவரை இது தனி நகராட்சி.

நிழலும் அமைதியுமான தெருக்களைப் பார்த்து சாதுவான ஊர் என்று நினைத்துவிடாதீர்கள். 1928இல் ஆட்குறைப்பை எதிர்த்துத் தென்னிந்திய ரயில்வே தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். தொழிலாளர் தலைவர் சிங்காரவேலர் சிறைக்குப் போனார். 1946 செப்டம்பர் 5 அன்று போலீஸ் சுட்டதில் இங்கே ஐந்து தொழிலாளர்கள் செத்தார்கள். அந்தத் தேதியை இங்குள்ள தொழிற்சங்கக்காரர்கள் மறப்பதில்லை.

சரி, இப்போது எனக்குப் பிடித்த இடம்.

[திரையில்: மேசைமேல் ஒரு மரப்பலகை, கீழே செருக ஒரு தீப்பெட்டி.]

திருச்சியில் நிற்கிறீர்கள். கடலைவிட ஏறக்குறைய 85 மீட்டர் உயரம். இங்கிருந்து நாகப்பட்டினம் சுமார் 130 கிலோமீட்டர். கணக்குப் போட்டால் 1,500 அடி நடந்தால்தான் தரை ஒரு அடி இறங்கும். காவிரி அவசரமே படாமல் போவது இதனால்தான். ஊட்டிப் பாதையில், கல்லாறு ஸ்டேஷன் தாண்டியதும், செங்குத்தான இடத்தில் 12 அடிக்கே ஒரு அடி ஏற்றம்! இவ்வளவு தட்டையான பூமியின் தலைவாசலில் உட்கார்ந்துகொண்டு இந்த ஏற்றத்துக்கு என்ஜின் செய்கிறார்கள். நெல்லூரில் படகுப் போட்டி வைத்தால்கூட இவ்வளவு ஆச்சரியப்பட மாட்டேன். அங்கேயாவது வடபெண்ணை ஆறு ஓடுகிறது.

அந்த ஏற்றத்தில் வெறும் சக்கரம் வழுக்கும். அதனால் இரண்டு தண்டவாளங்களுக்கு நடுவே பல் வைத்த கம்பிகள் இரண்டு பக்கத்தில் பக்கத்தில் போகின்றன. என்ஜினின் பல்சக்கரம் அவற்றைக் கவ்விக்கொண்டு ஏறும். என்ஜினில் நாலு சிலிண்டர். முதல் இரண்டு, சாதாரணச் சக்கரங்களைச் சுற்றும். அங்கே வேலை செய்து முடித்த நீராவியை ஏற்றத்தில் வெளியே விடுவதில்லை, மற்ற இரண்டுக்கு அனுப்பிப் பல்சக்கரத்தைச் சுற்ற வைக்கிறார்கள். சோறு வடித்த கஞ்சியைக் கொட்டாமல் உப்புப் போட்டுக் குடிக்கிற வீட்டுக் கணக்கு! என்ஜினும் முன்னால் நின்று இழுக்காது, கீழ்ப்பக்கம் நின்று பெட்டிகளைத் தள்ளும். திருவாரூர்த் தேரின் பின்னால் புல்டோசர் முட்டிக்கொண்டு வருமே, அதே மாதிரி.

[திரையில்: நெடுஞ்சாலை, நீளமான டிரெய்லர், மேலே என்ஜின்.]

கடைசியாக ஒன்று. ஊட்டிப் பாதை மீட்டர் கேஜ், தண்டவாள இடைவெளி 1,000 மில்லிமீட்டர். நம்ம ஊர் அகலப் பாதையோ 1,676. ஆக, பொன்மலையில் பிறந்த ரயில் என்ஜின் மேட்டுப்பாளையத்துக்கு ரயில் பாதையில் ஓடிப் போக முடியாது. லாரி ஏறித்தான் போகிறது.

உங்கள் தாத்தாவோ அப்பாவோ அந்தப் பட்டறையில் வேலை பார்த்திருந்தால், எந்த ஷாப், அதாவது பட்டறையின் எந்தப் பிரிவு என்று கமென்டில் போடுங்கள்.